கையில் ஒட்டும் நீலம்

யுவ வருஷம், ஆடி 12

கப்பல் வந்துவிட்டது. பரங்கிப்பேட்டைத் துறைக்கு எதிரே, அலை உடைகிற இடத்துக்கு அப்பால், மூன்று பாய்மரத்தோடு நிற்கிறது. முப்பது வருஷமாகத் துணி வியாபாரம், முப்பது வருஷமாகக் கப்பல் பார்க்கிறேன். இன்னமும் வாய் பிளந்துதான் நிற்கிறேன். "மூடுங்க, ஈ போயிடும்" என்பாள் என் சம்சாரம் உமையாள். எதைக் கண்டாலும் நான் ஆச்சரியப்படுகிறேன் என்பது அவளுடைய நெடுநாள் புகார்.

கப்பித்தான் தெலோர்மு கரை இறங்கியதும் நேரே என் கிடங்குக்கு வந்தான். நாற்பது சிப்பம் நீலத் துணி வேண்டுமாம். இங்கிருந்து அவன் தேசத்துக்குப் போய், அங்கிருந்து கினி என்கிற கரைக்குப் போகுமாம். அந்தக் கரையில் ராஜாக்களும் பெரிய மனிதர்களும் இந்த நீலத்தைத் தவிர வேறு தொடுவதில்லை என்றான். வெள்ளாற்றங்கரையில் நாம் முக்கி எடுத்த துணியை இரண்டு சமுத்திரம் தாண்டி ஒரு ராஜா உடுத்துகிறான்! எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. அங்கே துணிக்கு மாற்றாக என்ன வாங்குவீர்கள் என்று கேட்டேன். "சரக்கு" என்றான். யானைத் தந்தமாக இருக்கும்.

முதல் சிப்பத்தைப் பிரித்துப் பெருமையாக விரித்தேன். சாயக்காரக் காளத்தியிடம் சொல்லி வெள்ளாற்றில் மூன்று தடவை அலசி எடுத்த துணி. வெள்ளைத் துணியால் தேய்த்தாலும் ஒரு பொட்டு நீலம் ஒட்டாது. கப்பித்தான் அதைத் தொடவே இல்லை. தன்னோடு வந்த ஆளைக் கண்ணால் கூப்பிட்டான். நல்ல உயரம், கருகருவென்ற மேனி, இருபத்தைந்து வயது இருக்கும். நெப்தூன் என்று பேராம். அந்தக் கினிக் கரைக்காரன். அவன் துணியை மோந்து பார்த்தான். ஓரத்தை நாக்கில் வைத்தான். பிறகு தன் முழங்கையின் உட்புறத்தில் அழுத்தித் தேய்த்து, கையைத் திருப்பி வெளிச்சத்தில் பார்த்தான். தலையை ஆட்டிவிட்டான். அந்தச் சிப்பமே முழுக்க வேண்டாமாம்.

"ஒட்டவில்லை" என்றான். எங்கள் துறைமுகத்தில் எல்லோரும் பேசுகிற அதே அரைகுறைப் பறங்கிப் பாஷை! அவன் கரையிலும் அதுதான் வியாபாரப் பேச்சாம். (அவன் பேசியதையும் கப்பித்தான் பேசியதையும் இங்கே நம் பாஷையில் எழுதுகிறேன்.) ஒட்டாமல் இருப்பதுதானே நல்ல சாயம் என்றேன். "அங்கே ஒட்ட வேண்டும். தோலில் நீலம் இறங்கினால்தான் புதுத் துணி. ஒட்டாததைப் பழசு என்று திருப்பி வீசிவிடுவார்கள்."

இப்படியும் ஒரு தேசம் இருக்கிறது.

ஆடி 13

காளத்திக்குக் கோபம் தலைக்கேறிவிட்டது. "ஒட்டுற சாயம் போடவா எங்கப்பன் எனக்குத் தொழில் சொல்லிக் குடுத்தான்? நம்மூர்ல அப்பிடிப் போட்டா மூஞ்சிலயே வீசிட்டுப் போவாங்க, செட்டியாரே!" சமாதானப்படுத்த மத்தியானம் ஆகிவிட்டது. இனி அலசாமல், கெட்டியாகக் கஞ்சி போட்டு, மரக் கொட்டாப்புளியால் அடித்துப் பளபளப்பாக்கிக் கட்டுவதென்று முடிவு.

ஆடி 18

பெருக்கு. உமையாள் சித்திரான்னம் கட்டிக்கொண்டு ஆற்றுக்குப் போய்விட்டாள். நான் சாயப்பட்டறைக்குப் போனேன். போனது நல்லதாயிற்று.

பதினான்கு நீலத் தாழிகள் வரிசையாகப் புதைந்திருக்கின்றன. நெப்தூன் ஒவ்வொன்றிலும் விரலை விட்டு நாக்கில் வைத்து, அதன் குணத்தைச் சொல்லிக்கொண்டே நடந்தான். இது நேற்றுத் தொடங்கியது. இதில் சுண்ணாம்பு கூடிப்போயிற்று. இது இன்னும் இரண்டு நாளில் செத்துவிடும். காளத்தி பின்னாலேயே கையைக் கட்டிக்கொண்டு முறைத்தபடி போனான். ஏழாவது தாழியில் நெப்தூன் நின்றான். மறுபடி சுவைத்தான். "இது ஒரு தாழி இல்லை, இரண்டு" என்றான்.

காளத்தி அப்படியே உட்கார்ந்துவிட்டான். இரண்டு பழைய தாழிகளின் மிச்சத்தை ஒன்றாக ஊற்றி வைத்தது அவன் ஒருவனுக்குத்தான் தெரியுமாம். எனக்கே சொல்லவில்லை, திருடன். "இவன் மனுசன்தானா, செட்டியாரே?" என்றான். அதற்குப் பிறகு அவனுக்குத் தன் கையாலேயே மோர் கொடுத்தான்.

யார் கற்றுக்கொடுத்தது என்று கேட்டேன். "அம்மா. எங்கள் ஊரில் சாயம் போடுவது பெண்கள். அம்மாவின் நாக்கு என்றும் நீலமாகவே இருக்கும்." விரலைத் துடைத்துக்கொண்டே, "என் பேர் நெப்தூன் இல்லை. பக்கரி" என்றான்.

உலகத்தின் அந்தக் கோடியிலும் ஒரு தாழி, அதன் பக்கத்தில் நீல நாக்கோடு ஒருத்தி! வீட்டுக்கு வந்ததும் உமையாளிடம் சொன்னேன். இந்த ஒரு தடவை அவளும் வாயைப் பிளந்தாள்.

ஆடி 25

அலசாத புதுத் துணி ஆறு சிப்பம் தேறிவிட்டது. பக்கரியின் முழங்கை முழுக்க நீலம்.

இன்று இன்னொரு அதிசயம். துணியின் ஒரு ஓரத்தில், மடிப்புக்குள் மறைகிற மாதிரி, எங்கள் வீட்டுக் குறி நெய்திருக்கும்: இரண்டு சிவப்பு இழை, ஒரு மஞ்சள் இழை. என் தகப்பனார் காலத்துக் குறி. பக்கரி அதைக் கண்டதும் கட்டைவிரலை அதன்மேல் வைத்தான். எடுக்கவே இல்லை. "இது உங்களுடையதா?" என்றான். ஆமாம் என்றேன். "முன்பே பார்த்திருக்கிறேன்."

இந்தத் தில்லைநாயகச் செட்டியின் குறி கினிக் கரையில் தெரிந்திருக்கிறது! இரண்டு சமுத்திரம் தாண்டி! சாப்பிடும்போதும் அதையே சொல்லிக்கொண்டிருந்தேன். "அப்ப அந்த ராசாவையே போயிப் பாத்துட்டு வாங்க. இப்ப ரசம் ஊத்தவா?" என்றாள் உமையாள்.

ஆவணி 3

துணி பிரிக்கும்போது ஊர் வியாபாரிகள் நாலு பேர் சுற்றி நிற்கிறார்கள். சிப்பத்துக்கு எத்தனை கழிகிறது என்று அவர்களுக்குத் தெரிந்தால் என் மானம் போய்விடும். அதனால் கப்பித்தானிடம் கேட்டுக்கொண்டு, நம் வழக்கப்படி துண்டு போட்டுப் பேசுவதென்று ஏற்பாடு செய்தேன். இரண்டு பேர் கையையும் துண்டால் மூடிக்கொண்டு, உள்ளே விரலைப் பிடித்து எண்ணிக்கை சொல்வது. ஒரு விரல் பிடித்தால் ஒன்று, முழுக்கை பிடித்தால் ஐந்து. கப்பித்தானுக்கு அது வேடிக்கை. தனக்குப் புரியாது என்பதில் அவனுக்குக் கவலை இல்லை. பக்கரி ஒரே நாளில் கற்றுக்கொண்டான். முதல் தடவை என் விரலைப் பிடித்தபோது அவன் சிரித்ததைப் பார்த்தேன். அவன் சிரித்து அதுவரை நான் பார்த்ததில்லை.

சாயங்காலம் வியாபாரிகள் போன பிறகு, எங்கள் குறியை எங்கே பார்த்தாய் என்று கேட்டேன். ராஜாவின் தோளில் என்று சொல்வான் என எதிர்பார்த்தேன். கப்பித்தான் அந்தக் கோடியில் இளநீர் குடித்துக்கொண்டிருந்தான். பக்கரி துண்டை எடுத்து எங்கள் கைகளின்மேல் போட்டான். என் கையை முழுதாகப் பிடித்தான். விட்டான். பிடித்தான். விட்டான். மறுபடி பிடித்தான். பதினைந்து.

"என்ன பதினைந்து?" என்றேன்.

கையை வெளியே எடுத்துத் தன் நெஞ்சில் வைத்தான்.

"ஆற்றங்கரையில் ஒரு கோட்டை. அதன் வாசலில் துணிகளை விரித்தார்கள். சிவப்பு, சிவப்பு, மஞ்சள். என்னைப் பிடித்துக் கட்டிக்கொண்டு வந்தவன் ஒவ்வொரு துணியையும் கையில் தேய்த்துப் பார்த்து எடுத்துக்கொண்டான். பிறகு என்னைக் கோட்டைக்குள் தள்ளிவிட்டான்." திரும்பவும் துண்டுக்குள் வந்து ஐந்து பிடித்தான், நாலு பிடித்தான். "என் தங்கை. பெந்தா." அவளை வேறு கப்பலில் மேற்கே கரும்பு வெட்டக் கொண்டுபோய்விட்டார்களாம். அது நடந்து எத்தனை வருஷம் என்றும் சொன்னான்.

அப்படியானால் கப்பித்தான் சொன்ன சரக்கு தந்தம் இல்லை. வருஷத்தை எண்ணிப் பார்த்தேன். அந்த வருஷத்துச் சிப்பங்களை நானே பக்கத்தில் நின்று மடித்துக் கட்டினேன். சந்தனம் தொட்டு வைத்து அனுப்பினேன்.

ஆவணி 4

உடம்பு சரியில்லை என்று படுத்திருந்தேன். உடம்புக்கு ஒன்றுமில்லை.

ஆவணி 9

இருபது சிப்பம் தேறிவிட்டது. பக்கரி இவ்வளவு கருத்தாக வேலை செய்வதன் காரணம் இன்று தெரிந்தது. நாற்பது சிப்பமும் குற்றமில்லாமல் பொறுக்கிக் கொடுத்தால் விடுதலைச் சீட்டு எழுதித் தருவதாகக் கப்பித்தான் வாக்குக் கொடுத்திருக்கிறான். பக்கரி அம்மாவிடம் போகிறான். எனக்குப் பாரம் இறங்கியது போல இருந்தது. என் துணிக்குப் போனவன் என் துணியாலேயே மீளுகிறான் என்றால் சரிக்குச் சரியாகிவிட்டதல்லவா. பெந்தாவைப் பற்றி நான் கேட்கவில்லை.

ஆவணி 14

கப்பித்தான் கிடங்கில் உட்கார்ந்து வெற்றிலை போடப் பழகிக்கொண்டிருந்தான். வாய் சிவந்ததும் குஷி வந்துவிட்டது. போகிற வழியில், நடுச்சமுத்திரத்தில் இருக்கும் மசுக்கரைத் தீவில், ஒரு தோட்டக்காரனிடம் பக்கரியை விற்றுவிடப் போகிறானாம். அவனுக்கு வாக்குக் கொடுத்தாயிற்றாம். "அவனிடம் சொல்லிவிடாதே செட்டி, நாக்கை நீட்ட மாட்டான்" என்றான். அடுத்த பயணத்துக்கு இவன் வேண்டாமா என்று கேட்டேன். "அதுதான் உனக்கு ரகசியம் தெரிந்துவிட்டதே. இனிமேல் நீ போதும்" என்று என் முதுகில் தட்டிச் சிரித்தான்.

நானும் சிரித்தேன். அதை எழுதாமல் விட்டுவிடலாம் என்று பார்த்தேன்.

ஆவணி 15

பக்கரியிடம் சொல்லவில்லை. தூறல் போட்டது. தாழிகளை மூடுகிற வேலை இருந்தது.

ஆவணி 17

சொல்லவில்லை. இருபத்துநாலு சிப்பம்.

ஆவணி 19

கப்பித்தானிடம் மெல்லப் பேச்செடுத்தேன். ஆளை எனக்கே கொடுத்துவிடுங்கள், சாயப்பட்டறைக்கு ஆகும், கேட்டதைத் தருகிறேன் என்றேன். தோட்டக்காரனுக்கு வாக்குக் கொடுத்தாயிற்று, கொடுத்த வாக்கைத் தான் மீறுவதே இல்லை என்றான். முகத்தைப் பார்த்தேன். மனதாரத்தான் சொன்னான். இது என்ன ஜென்மம் என்று திகைத்துப் போனேன்.

பக்கரியிடம் சொல்லவில்லை.

ஆவணி 22

உமையாள் கீரை ஆய்ந்துகொண்டே, "ஒரு வாரமா வீட்டுல ஒரு ஆச்சரியமும் இல்லயே, என்ன சேதி?" என்றாள். எல்லாவற்றையும் சொன்னேன். பதினைந்தையும் சொன்னேன். அவள் கீரையைக் கீழே வைக்கவில்லை.

"இப்ப நீங்க சொல்லிட்டா என்ன ஆவும்?"

"மிச்சச் சிப்பத்தைப் பார்க்க மாட்டான். கப்பித்தான் வாங்க மாட்டான். அலசாத நீலத்தை நம் ஊரில் யாரிடம் விற்பது?"

"அந்தப் புள்ள உங்கள நம்பித்தானே தெனம் நாக்க நீட்டுறான்."

எழுந்து உள்ளே போய்விட்டாள். இன்றைக்குக் கீரையில் உப்பு இல்லை. நான் கேட்கவும் இல்லை.

ஆவணி 28

உச்சிப் பொழுதில் பள்ளிவாசலில் பாங்கு சொன்னார்கள். பக்கரி கையில் எடுத்த துணியைக் கீழே வைத்துவிட்டு நின்றான். உதடு மட்டும் அசைந்தது. தோணிக்காரச் சேகு மரைக்காயர் பாய்த்துணி வாங்க வந்திருந்தார். அவர் அதைக் கவனித்துவிட்டார். "செட்டியாரே, இந்தத் தம்பி தொழுகையாளியா?" என்று என்னிடம் தணிந்த குரலில் கேட்டார். அவர் கண் கலங்கியிருந்தது.

மரைக்காயரின் தோணி புரட்டாசி முதல் வாரம், கிழக்கே கடல் தாண்டி இருக்கும் அச்சைத் துறைக்குப் புறப்படுகிறது. ஆற்று முகத்தில்தான் கட்டியிருக்கிறது. அவரோடு உப்பு விலையைப் பற்றி நெடுநேரம் பேசிக்கொண்டிருந்தேன். வேறு எதுவும் பேசியதாக ஞாபகம் இல்லை.

புரட்டாசி 5

முப்பது சிப்பம் ஏற்கெனவே கப்பலுக்குப் போய்விட்டது. மிச்சம் பத்து. இன்று முப்பத்தோராவதைப் பிரித்தோம். கப்பித்தான் குடை நிழலில் நாலு அடி தள்ளி உட்கார்ந்திருந்தான். ஊர் வியாபாரிகள் சுற்றி நின்றார்கள்.

பக்கரி மோந்தான், சுவைத்தான், தேய்த்தான். துண்டு போட்டோம். அவன் என் இரண்டு விரலைப் பிடித்தான். இரண்டு துணி கழிகிறது என்று அர்த்தம். வழக்கம்போல நான் கையை எடுத்திருக்க வேண்டும். எடுக்கவில்லை. அவன் கையை முழுதாகப் பிடித்தேன். விட்டேன். பிடித்தேன். விட்டேன். பிடித்தேன்.

அவன் என் முகத்தைப் பார்த்தான். நான் கப்பித்தானைப் பார்த்தேன். மறுபடி மூன்று தடவை பிடித்தேன். துண்டுக்குள் அவன் விரல்கள் சில்லிட்டுப் போயின. அவன் முகம் அசையவே இல்லை. அதைப் போன்ற முகத்தை நான் பார்த்ததில்லை, இனிமேல் பார்க்கப் போவதும் இல்லை. நான் கண்ணை ஆற்று முகத்துப் பக்கம் திருப்பினேன். மரைக்காயரின் தோணியில் பாய் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். அவனும் பார்த்தான்.

கடைசியாக என் கையை முழுதாக ஒரு தடவை பிடித்தான். அழுத்திப் பிடித்தான். அது எண்ணிக்கைதானா என்று எனக்குத் தெரியவில்லை.

பிறகு உரக்க, "இந்தச் சிப்பம் நன்றாக இருக்கிறது. வாய் கழுவி வருகிறேன்" என்று சொல்லிவிட்டு ஆற்றுக்கு நடந்தான். தினமும் போவதுதான். கப்பித்தான் தலையை ஆட்டினான். பக்கரி அவசரப்படவில்லை. முழங்கை வரை நீலமாக, நிமிர்ந்து, தன் வீட்டுக்குப் போகிறவன் மாதிரி நடந்தான். பாங்கு சொன்னார்கள். நான் அடுத்த சிப்பத்தின் முடிச்சை அவிழ்க்கத் தொடங்கினேன்.

புரட்டாசி 6

கப்பித்தான் கிடங்கைப் புரட்டிப் போட்டான். பட்டறையில் ஒவ்வொரு தாழியிலும் கழியை விட்டுக் கலக்கிப் பார்த்தான். "எங்கே அவன்?" என்று என் மேல்துண்டைப் பிடித்தான். "நான் துணிக்காரன். ஆள் கணக்கு எனக்குத் தெரியாது" என்றேன். நீ போதும் என்று முதுகில் தட்டியவன், பார்க்க ஆள் இல்லாமல் மிச்சம் பத்துச் சிப்பம் வேண்டாம் என்றுவிட்டான்.

கலங்கிப்போன தாழிகளைப் பார்த்துக் காளத்தி தலையில் கை வைத்துக்கொண்டான். பிறகு என் முகத்தைப் பார்த்து என்ன புரிந்துகொண்டானோ, "போவட்டும் செட்டியாரே. பத்துச் சிப்பத்தையும் ஆத்துல அலசினா நம்மூர்லயே வித்துப்புடலாம்" என்றான்.

புரட்டாசி 9

கப்பல் போய்விட்டது. கரையில் நின்று கண்ணுக்கு மறைகிற வரை பார்த்தேன். உமையாள்கூட வந்திருந்தாள்.

ஒருவனை மீட்டுவிட்டோம் என்று சொல்லிக்கொண்டே வீட்டுக்கு நடந்தேன். பாதி வழியில் கால் நின்றுவிட்டது. அந்தக் கப்பலில் என் துணி முப்பது சிப்பம் போகிறது. சிப்பத்துக்கு அறுபது துணி. ஆளுக்குப் பதினைந்து. வீட்டுக்கு வந்து உட்கார்ந்து இப்போதுதான் பெருக்கிப் பார்த்தேன். நூற்று இருபது பேர். இதில் பெந்தாவைப் போன்றவர்களுக்கு ஒன்பதுதான், அப்படியானால் கணக்கு இன்னும் கூடும். பக்கரியே நாக்கால் பார்த்துத் தேர்ந்த துணி. ஒன்றுகூடத் திரும்பி வராது.

அந்த நூற்று இருபது பேரும் இந்த நேரம் எங்கேயோ சாப்பிட்டுக்கொண்டிருப்பார்கள். சிரித்துக்கொண்டிருப்பார்கள். அவர்கள் யாரென்று அவர்களுக்கே இன்னும் தெரியாது.

தாது வருஷம், ஆனி 2

சேகு மரைக்காயர் அச்சையிலிருந்து திரும்பிவிட்டார். நான் எதுவும் கேட்கவில்லை. அவராகத்தான் சொன்னார், அங்கே ஒரு சாயப்பட்டறையில் ஒரு ஆள் புதிதாகச் சேர்ந்திருக்கிறானாம், தாழியை நாக்கால் பார்த்தே சொல்லிவிடுகிறானாம். "ஊரே கூடி நின்னு வேடிக்க பாக்குது, செட்டியாரே. ஹஜ்ஜுக் கப்பல் வந்தா அதுல ஏறி, மக்கத்துலேர்ந்து நடந்தாவது ஊருக்குப் போவேன்னு சொல்லுது அந்தத் தம்பி." நடந்தே! கோடிக்கணக்கான காலடி. அவன் நடந்துவிடுவான்.

ஈஸ்வர வருஷம், ஆவணி 11

தரங்கம்பாடிக்கு வந்த கப்பலில் தெலோர்முவின் கடிதம் இருந்தது. ஓடிப்போனவனைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. என் நீலத்துக்காகக் கினிக் கரையில் அடித்துக்கொள்கிறார்களாம். வேறு எவன் துணியைக் காட்டினாலும் என் குறியைத்தான் கேட்கிறார்களாம். தை மாதம் கப்பல் வரும், அறுபது சிப்பம் வேண்டும், உன் குறி இருந்தால் போதும், ஒன்றைக்கூடப் பிரித்துச் சோதிக்க மாட்டேன் என்று எழுதியிருக்கிறான்.

உமையாள் கேட்டாள், "முடியாதுன்னு எழுதிருவீங்களா?"

"முடியாது என்றால் அடுத்த தெருவுக்குப் போய் வாங்கிக்கொள்வான்."

"அப்ப?"

காளத்தியை வரச் சொன்னேன். அறுபது சிப்பம், நாளைக்கே தாழி வை என்றேன்.

"கப்பலுக்குத்தானே? அலசாம கட்டிரலாமா, செட்டியாரே?"

"இல்லை. வெள்ளாற்றில் மூன்று தடவை அலசு. வெள்ளைத் துணியில் தேய்த்தால் ஒரு பொட்டு ஒட்டக் கூடாது. அதற்குப் பிறகு கஞ்சி போட்டு நன்றாகப் பளபளப்பாக்கு."

காளத்தி என்னை ஏற இறங்கப் பார்த்தான். "அங்க வாங்க மாட்டாங்களே. பழசுன்னு வீசிருவாங்களே. நம்ம குறி அந்தக் கரையில செத்துப்போவுமே."

"நல்ல சாயம் கையில் ஒட்டாது. கப்பித்தான் கேட்டால், உங்கப்பன் சொல்லிக்கொடுத்த தொழில் அது என்று சொல்."

அவன் வாசல் வரை போனதும் திரும்பக் கூப்பிட்டேன். நெசவுக்காரர்களிடம் குறியை மட்டும் மறக்காமல் போடச் சொன்னேன். ஒவ்வொரு துணியிலும், இரண்டு ஓரத்திலும், தூரத்திலிருந்து பார்த்தாலே தெரிகிற மாதிரி. சிவப்பு, சிவப்பு, மஞ்சள்.